அரைப் பேர்க்காரன் பதில்கள்

ஆசிரியர் போன மாதம் போன் எடுத்து, "ஒரு இதழுக்கு வாசகர் கேள்விகளுக்கு நீங்கள்தான் பதில் எழுத வேண்டும்" என்றார். மேடையில் நின்று பேசிப் பிழைக்கிறவனை மேசையில் உட்கார வைத்தால் என்ன வரும்? எதிரில் இருப்பவர் சிரிக்கிறாரா, முறைக்கிறாரா என்று தெரியாமல் ஜோக் எழுதுவது, கரண்ட் போன வீட்டில் ஊசியில் நூல் கோர்ப்பது மாதிரி. சரி, முயன்று பார்க்கிறேன். வந்த கடிதங்கள் முப்பதுக்கு மேல். எனக்குக் கல்யாணம் ஆகிவிட்டதா என்று கேட்டவை மட்டும் ஒன்பது. (ஆகிவிட்டது. இரண்டு பிள்ளைகள். அடுத்த கேள்விக்குப் போவோம்.)

நேராகவே கேட்கிறேன். நீங்கள் தமிழரா, சிங்களவரா?
வாசகர் ஒருவர், நோர்வூட்

என் பிறப்புச் சான்றிதழில் தகப்பனின் இனத்துக்கு ஒரு கட்டம் இருக்கிறது: சிங்களம். தாயின் இனத்துக்கு ஒரு கட்டம்: இந்தியத் தமிழ். எனக்கென்று கட்டம் இல்லை. அரசாங்கத்துக்கே தெரியாத விஷயத்தை நான் எப்படிச் சொல்வது?

அந்த 'இந்தியத் தமிழ்' என்னும் சொல்லைப் பற்றி ஒன்று. அம்மா இந்தியாவைப் பார்த்ததே இல்லை. அவர் போன ஆகத் தூரமான இடம் கதிர்காமம். ஆனால் 1948ஆம் ஆண்டுப் பிரஜாவுரிமைச் சட்டம் தேயிலைத் தோட்டத்துச் சனத்தை நாடற்றவர்களாக்கியது. 1964இல் சிறிமா – சாஸ்திரி ஒப்பந்தம் வந்து, இத்தனை பேர் அங்கே, இத்தனை பேர் இங்கே என்று கொழுந்து நிறுப்பது மாதிரிப் பிரித்தது. அம்மாயி, அதாவது அம்மாவின் அம்மா, குடும்பம் இந்தியாவுக்கு மனு போட்டது. போகாமலே நின்றும் விட்டது. கடைசியில் 2003ஆம் ஆண்டின் 35ஆம் இலக்கச் சட்டம் வந்துதான் அம்மா இந்த நாட்டுப் பிரஜையானார். அப்போது எனக்கு 16 வயது. அப்பா வழியில் நான் பிறந்த அன்றே பிரஜை. ஆக, இலங்கைப் பிரஜை என்கிற உத்தியோகத்தில் அம்மா எனக்கு 16 வருடம் ஜூனியர். இதைத்தான் மேடையில் முதல் ஜோக்காகச் சொல்லுவேன். ஹட்டனில் சிரிப்பார்கள். கொழும்பில் பாதிப் பேர் சிரிப்பார்கள், மீதிப் பேர் பக்கத்தில் இருப்பவரிடம், "உண்மையா?" என்று கேட்பார்கள்.

தோட்டம் தெரியாத வாசகர்களுக்காகத் தலைப்பையும் சொல்லிவிடுகிறேன். தோட்டத்தில் ஒரு நாள் வேலையை ஒரு 'பேர்' என்பார்கள். சொன்ன கிலோ எடுக்காவிட்டால் அரை நாள் சம்பளம்தான், அது 'அரைப் பேர்'. பள்ளிக்கூடத்தில் பையன்கள் எனக்கு வைத்த பட்டம் அதுதான். பிறக்கும்போதே அரைப் பேர் விழுந்தவன் என்று. மேடைக்கு வந்தபோது வேறு பட்டம் தேட வேண்டிய வேலை மிச்சம்.

தம்பி, மகன் உயர்தரம் எழுதிவிட்டு, உங்களைப் போல மேடையில் பேசப்போகிறேன் என்று நிற்கிறான். ஆசிரியர் வேலைக்கு விண்ணப்பம் போடச் சொன்னால் கேட்கிறான் இல்லை. இந்தத் தொழிலில் சோறு கிடைக்குமா?
ஒரு தாய், தலவாக்கலை

கிடைக்கும் அக்கா. பகல் சோறா, இராச் சோறா என்றுதான் சொல்ல முடியாது.

என் கணக்கைச் சொல்கிறேன். முதல் பதினொரு மாதம் ஒரு சதம் வரவில்லை. அப்போது கொழும்பில் ஒரு போன் கம்பனியின் அழைப்பு நிலையத்தில் வேலை. "சிங்களத்துக்கு 1, தமிழுக்கு 2" என்று சொல்கிற இடத்துக்கு உள்ளே உட்கார்ந்திருப்பவன் நான்தான். எந்தப் பட்டனை அழுத்தினாலும் நான்தான் எடுப்பேன். நாள் பூராவும் மூன்று மொழியில் ஏச்சு வாங்கியதுதான் எனக்குக் கிடைத்த பயிற்சி. எந்த மொழிக்காரர் எவ்வளவு நேரம் பொறுத்திருந்து எந்த இடத்தில் வெடிப்பார் என்று எனக்கு மனப்பாடம்.

வேலை முடிந்து இரவில் 'ஓப்பன் மைக்' என்பார்களே, யார் வேண்டுமானாலும் பெயர் கொடுத்து ஐந்து நிமிடம் பேசலாம், அதற்குப் போவேன். அப்போது கொழும்பு மேடை பெரும்பாலும் இங்கிலீஷ். என் இங்கிலீஷ் கினிகத்தேனை வளைவு மாதிரி; எங்கே திரும்பும் என்று எனக்கே தெரியாது. ஐந்து நிமிடத்தில் நாலு நிமிடம் அமைதி. பேசியதைப் போனில் பதிந்து, அறைக்கு வந்து கேட்டு, எந்தச் சொல்லில் சிரித்தார்கள் என்று பென்சிலால் கோடு போடுவேன். ஒரு வருடத்தில் அப்படித் தேறியது ஏழு நிமிடம். உங்கள் மகனிடம் இதைச் சொல்லுங்கள்: ஒரு வருடம், ஏழு நிமிடம்.

முதல் சம்பளம் 1,500 ரூபாயும் ஒரு கொத்து ரொட்டியும். இன்று வீட்டை நடத்துவது டிக்கெட் போட்டு நடத்தும் நிகழ்ச்சி இல்லை, டிசம்பரில் கம்பனிகள் வைக்கும் வருடக் கடைசி விருந்துகள். அங்கே கேட்பவர்கள் சாப்பிட்டுக்கொண்டிருப்பார்கள். கோழிக்கால் கையில் இருக்கிறவரைச் சிரிக்க வைப்பது தனி வித்தை. ஜனவரியும் பெப்ரவரியும் வாழைக்காய் வாங்கவும் யோசிக்கும் மாதங்கள்.

2021 டிசம்பரில் அப்படி ஒரு விருந்தில் 20 நிமிடம் பேசி 10,000 ரூபாய் கொண்டு வந்து அம்மா கையில் கொடுத்தேன். அந்த வருடம்தான் தோட்டத்து நாட்சம்பளம் 1,000 ரூபாய் ஆகியிருந்தது. அதுவும் எத்தனை வருடப் போராட்டம்! அம்மா நோட்டை எண்ணினார்.

"எம்புட்டு நேரம் பேசுன?"

"இருவது நிமிசம்."

"இருவது நிமிசத்துக்குப் பத்துப் பேரா?" கொஞ்ச நேரம் சும்மா இருந்தார். "எத்தன கிலோ எடுக்கச் சொல்றாங்க?"

அக்கா, உங்கள் மகன் ஆசிரியர் வேலைக்கு விண்ணப்பம் போடட்டும். இங்கிலாந்தில் பெரும் பேரோடு இருக்கிற நகைச்சுவைக் கலைஞர் ரொமேஷ் ரங்கநாதன், நம் நாட்டுத் தமிழ்ப் பெற்றோருக்குப் பிறந்தவர், முதலில் கணக்கு வாத்தியாராகத்தான் இருந்தார். வெள்ளிக்கிழமைக் கடைசிப் பாடத்துக்கு 40 பிள்ளைகளை உட்கார வைக்க முடிந்தவனுக்கு எந்த மேடையும் பெரிதில்லை.

எந்த மொழியில் ஜோக் யோசிப்பீர்கள்?
மாணவன், பதுளை

யோசிப்பது மொழியில் இல்லை தம்பி, குழப்பத்தில். சிங்களத்தில் அப்பாவைக் கூப்பிடும் சொல் 'தாத்தா'. நான் லயத்து (தோட்டத்து வரிசை வீடு) வாசலில் நின்று, "தாத்தா!" என்று அப்பாவைக் கூப்பிட, பக்கத்துக் காம்பராப் பிள்ளைகள், "உங்கம்மா ஏன்டா கெழவனக் கட்டுனாங்க?" என்று கேட்டார்கள். அப்பாவின் ஊரில் அண்ணனுக்கு 'ஐயா' என்பார்கள். ஐந்து வயது மூத்த பையனை ஐயா, ஐயா என்று நான் கூப்பிடுவதைப் பார்த்து அம்மாயி, "இந்தப் பயலுக்கு இம்புட்டு மரியாதை எங்கருந்து வந்துச்சு?" என்று பூரித்துப்போனார்.

அப்புறம் 'என்ன'. தமிழில் அது கேள்வி. சிங்களத்தில் கிட்டத்தட்ட அதே சத்தத்தில், 'வாருங்கள்' என்று அழைப்பு. கடைக்கார அண்ணன் எரிச்சலோடு, "என்ன?" என்று கேட்கக் கேட்க, என் சித்தப்பா சிரித்த முகத்தோடு கிட்டக் கிட்டப் போனதை நான் கண்ணால் கண்டிருக்கிறேன்.

ஆனால் எனக்குப் பிடித்த சொல் வேறு. கினிகத்தேனைப் பக்கத்தில் அப்பாவின் அம்மா, ஆச்சி, ஒரு தட்டை நீட்டி, "கன்ன, கன்ன" என்பார். சாப்பிடு என்று அர்த்தம். இங்கே அம்மாயி, "கண்ணா, கண்ணா" என்று தலையைத் தடவுவார். எனக்கு ஆறு வயது வரைக்கும் அது இரண்டும் ஒரே சொல். எப்படியும் இரண்டு வீட்டிலும் அடுத்து வந்தது ரொட்டியும் சம்பலும்தான்.

இந்த இரண்டு கிழவிகளும் ஒருவரை ஒருவர் பார்த்துக்கொண்டது என் பிறப்புக்குப் பிறகுதான். அம்மாயி இரண்டு வருடம் அம்மாவோடு பேசாமல் இருந்தாராம். 83 கலவரம் நடந்து முடிந்திருந்த காலம். அவரைக் குறை சொல்ல மாட்டேன்.

வெளிநாடுகளில் கலப்புக் குடும்பத்திலிருந்து வந்த நகைச்சுவைக் கலைஞர்கள் பெரிய ஆளாகிவிட்டார்கள். நம் நாட்டில் ஏன் இல்லை?
வாசகர் ஒருவர், கண்டி

ட்ரெவர் நோவாவைச் சொல்கிறீர்கள் என்று நினைக்கிறேன். 1984இல் ஜோகன்னஸ்பேர்க்கில் பிறந்தவர். அம்மா கோசா இனத்தவர், அப்பா சுவிட்சர்லாந்துக்காரர். அன்றைய தென்னாபிரிக்காவில் அப்படி ஒரு உறவே குற்றம். அந்தத் தடைகள் நீங்கியது அடுத்த வருடம்தான். அந்தப் பிள்ளை வளர்ந்து, 2015 முதல் 2022 வரை அமெரிக்காவில் 'த டெய்லி ஷோ' என்ற டிவி நிகழ்ச்சியை நடத்தியது. கனடாவின் ரசல் பீட்டர்ஸ் ஆங்கிலோ-இந்தியக் குடும்பம். அப்பா பேசுகிற மாதிரிப் பேசிக் காட்டியே அரங்குகளை நிரப்பினார்.

நம் நாட்டில் சட்டம் எங்களைத் தடுக்கவில்லை. அதுதான் சிக்கல். சட்டம் தடுத்தால் கதை பெரிதாகும். எங்களுக்கு இருப்பது கல்யாண வீட்டில் எந்தப் பக்கத்து நாற்காலியில் உட்காருவது என்கிற அளவு பிரச்சினைதான். அதை வைத்து அமெரிக்காவுக்குப் போக முடியாது. ஹட்டனுக்குப் போகலாம்.

அண்ணா, கோபிக்க வேண்டாம். கொழும்பில் போய்த் தோட்டத்து மக்களைக் கேலி செய்து காசு உழைக்கிறீர்கள் என்று என் கூட்டாளி சொல்கிறான். என்ன பதில் சொல்ல?
வாசகர் ஒருவர், ஹப்புத்தளை

உங்கள் கூட்டாளி சொன்னது ஒரு காலத்தில் சரி. சுற்றி வளைக்காமல் சொல்கிறேன்.

என்னிடம் ஒரு ஆறு நிமிடத் துண்டு இருந்தது. கொழுந்து பறிக்கும் ஒரு வயதான அம்மா, வெளிநாட்டுச் சுற்றுலாக்காரர் போட்டோ எடுக்க வருகிறார், அந்த அம்மா தோட்டத்துத் தமிழில் அவரிடம் பேசுகிறார். நான் இடுப்பை வளைத்து, கூடையைத் தோளில் மாட்டி, குரலை மூக்கில் ஏற்றிப் பேசுவேன். கொழும்பில் தரை அதிரும். அந்தத் துண்டுதான் எனக்குப் பெயர் வாங்கிக் கொடுத்தது. இரண்டு வருடம் அதைத்தான் கடைசியில் வைத்தேன், ஏனென்றால் அதற்குப் பிறகு வேறு எதுவும் எடுபடாது.

அதை ஹட்டனுக்குக் கொண்டுவந்தேன். ஒரு மண்டபம், 200 பேர் இருக்கும். இரண்டாவது வரிசையில் அம்மா, அவரோடு ஒரே மலையில் வேலை செய்த இரண்டு பெரியம்மாக்கள். துண்டை ஆரம்பித்தேன். மண்டபம் மடுவத்தில் கொழுந்து நிறுக்கும்போது நிற்கிற மாதிரி நின்றது. யாரும் கூச்சல் போடவில்லை, எழுந்து போகவில்லை. மரியாதையாகப் பார்த்துக்கொண்டிருந்தார்கள். ஆறு நிமிடம் எவ்வளவு நீளம் என்று அன்றுதான் தெரிந்தது.

வீட்டுக்கு வந்து அம்மா சாயத்தண்ணி ஊற்றிக் கொடுத்தார். ஏசுவார் என்று காத்திருந்தேன்.

"ஏன்டா, கூடைக் கயிறு தலையிலல்ல விழும்? நீ தோள்ல மாட்டிக்கிட்டு ஆடுற. ஸ்கூல் பேக்கா அது?"

நான் வாயைத் திறக்கவில்லை.

"இடுப்புல படங்கு கட்டல. செருப்புப் போட்டுக்கிட்டு நிக்குற. ஒவ்வொரு எலையா பூப் பறிக்கிற மாதிரி பிய்க்குற. அப்புடிப் பிய்ச்சா அரைப் பேரு கூட விழாதுடா. ரெண்டு கையும் ஓடணும்."

அவ்வளவுதான். கேலி செய்தாய் என்றோ, மானத்தை வாங்கினாய் என்றோ ஒரு வார்த்தை இல்லை. வேலை பிழை என்றார். எனக்கு அன்று இரவு தூக்கம் வரவில்லை. அம்மா 31 வருடம் கொழுந்து எடுத்தவர். அவர் கூடை மாட்டுவதை நான் சின்ன வயதிலிருந்து ஒவ்வொரு காலையும் பார்த்திருக்கிறேன். ஆனால் மேடையில் நான் செய்தது அம்மாவை இல்லை. தேயிலைப் பெட்டியின் மேல் அச்சடித்த படத்தை. அந்தப் படத்தில் பெண் சிரித்துக்கொண்டிருப்பாள், மழை பெய்யாது, அட்டை கடிக்காது. கொழும்பில் சிரித்தவர்களுக்கும் எனக்கும் தெரிந்தது ஒரே பெட்டி.

மறுநாள் காலை அம்மாவின் பழைய கூடையை எடுத்து, கயிற்றைத் தலையில் போட்டு, அரை மணி நேரம் நின்றேன். வெறுங்கூடைதான். கழுத்து பின்னால் இழுக்கிறது. குரல் மூக்குக்கு ஏறவில்லை, நெஞ்சுக்குள் இறங்குகிறது. அப்படி நிற்கிறவர் பேசினால் சுருக்கமாகத்தான் பேசுவார்.

பழைய துண்டை எறிந்துவிட்டேன். அதில் பணம் போனது உண்மை. "அந்தக் கெழவி ஐட்டத்தைப் போடுங்க" என்று கேட்டு வந்த இரண்டு விருந்துகள் கைநழுவின. புதிதாக எழுதியதில் அதே அம்மாதான் பேசுகிறார், ஆனால் சுற்றுலாக்காரரிடம் இல்லை, கொழுந்து நிறுக்கிறவரிடம். கொழுந்தில் தண்ணி இருக்கிறது என்று கிலோ கழிக்கிறார்களே, அதைப் பற்றி. "ஐயா, மழ பேஞ்சா தண்ணிக்குன்னு ரெண்டு கிலோ வெட்டுறீங்க. வெயில்ல கொழுந்து காஞ்சு போச்சே, ரெண்டு கிலோ சேத்துப் போடுங்க." இந்த வரிக்கு ஹட்டனில் கைதட்டல் இல்லை, சத்தம். கிழவிகள் முன் நாற்காலியில் அடித்துச் சிரித்தார்கள். கொழும்பில் மூன்று விநாடி மௌனம். பிறகு பின்னால் எங்கோ ஒருவர் சிரிப்பார். அவர் எந்த ஊர் என்று கேட்கத் தேவையில்லை. அவரைப் பார்த்து மற்றவர்கள் விளங்கிக்கொண்டு சிரிப்பார்கள். எனக்கு அந்த வரிசை பிடித்திருக்கிறது: எங்கள் ஆள் முதலில், மற்றவர்கள் பிறகு.

கூட்டாளியிடம் இதைச் சொல்லுங்கள். அவர் பழைய வீடியோவைப் பார்த்திருப்பார். அதை அழிக்க முடியவில்லை, ஊர் பூராவும் போய்விட்டது.

மேடையில் எதைத் தொடப் பயப்படுவீர்கள்?
வாசகர் ஒருவர், பண்டாரவளை

மதம். இதில் வீரம் பேச மாட்டேன். 2023 மே மாதம் நடாஷா எதிரிசூரிய என்ற நகைச்சுவைக் கலைஞர், மேடையில் பேசிய ஒரு துண்டு வீடியோ பரவியதால் கைதானார். 2007ஆம் ஆண்டின் 56ஆம் இலக்கச் சட்டத்தின் கீழ். அந்தச் சட்டத்தில் நீதவானால் பிணை கொடுக்க முடியாது. மேல் நீதிமன்றம் போக வேண்டும். ஒரு மாதத்துக்கு மேல் விளக்கமறியலில் இருந்துவிட்டுத்தான் ஜூலையில் வெளியே வந்தார். குடியியல், அரசியல் உரிமைகளுக்கான சர்வதேச உடன்படிக்கையை நாட்டுக்குள் கொண்டுவர இயற்றிய சட்டம் அது. உரிமைச் சட்டத்தில் ஒரு ஜோக்குக்காரர் உள்ளே போனார் என்பதை விட நல்ல ஜோக்கை என்னால் எழுத முடியாது, அதனால் விட்டுவிட்டேன்.

எனக்கு இன்னொரு கணக்கும் இருக்கிறது. புத்த மதத்தைப் பற்றிச் சொன்னால் தமிழன் சொன்னான் என்பார்கள். கோயிலைப் பற்றிச் சொன்னால் சிங்களவன் சொன்னான் என்பார்கள். இந்த ஒரு விஷயத்தில் மட்டும் எனக்கு இரண்டு பக்கமும் முழுப் பேர் விழும்.

பெண் பிள்ளைகள் இதைச் செய்யலாமா? எங்கள் தோட்டத்துக் காமன் கூத்தில் ரதிக்குக் கூட ஒரு மாமாதான் வேஷம் கட்டுகிறார்.
10ஆம் வகுப்பு மாணவி, பூண்டுலோயா

தங்கச்சி, உன் கடிதத்தில் இரண்டாவது வரி ஏற்கனவே ஜோக். எங்கள் தோட்டத்து ரதிக்கும் மீசை உண்டு. மன்மதன் எரிந்த பிறகு அவர் ஒப்பாரி வைக்கும்போது, சேலை கட்டிவிட்ட அம்மா கீழே இருந்து, "பின்னு கழருது, பின்னு கழருது" என்று கத்துவார். நீ பார்த்த மாமாவைப் பற்றி ஐந்து நிமிடம் எழுது. முதலில் உன் வகுப்பில் சொல்லிப்பார். மாமாவுக்குச் சொல்லிவிட்டுச் செய்.

உங்கள் அப்பா உங்கள் நிகழ்ச்சியைப் பார்த்திருக்கிறாரா? அவருக்கு விளங்குமா?
வாசகி ஒருவர், நாவலப்பிட்டி

அப்பா 26 வருடம் போகவந்தலாவை – ஹட்டன் ரோட்டில் தனியார் பஸ் ஓட்டியவர். அவருடைய தமிழ் பஸ் தமிழ்: "ஏறு, இறங்கு, உள்ள போ, சில்லறை குடு." நான் தமிழில் முழுநீளமாகச் செய்யும் நிகழ்ச்சிக்கு வரமாட்டேன் என்றுதான் சொல்லிக்கொண்டிருந்தார். போன வருடம் அம்மா இழுத்துக்கொண்டு வந்தார்.

அம்மா பக்கத்தில் உட்கார்ந்து காதில் சிங்களத்தில் சொல்லச் சொல்ல, அப்பா மற்றவர்கள் சிரித்து முடித்துப் பத்து விநாடி கழித்துத் தனியாகச் சிரித்தார். எனக்குத் தாளம் தப்பியது. அவர் சிரித்து முடியட்டும் என்று நின்று நின்று பேசினேன். கொஞ்ச நேரத்தில் சபையே எனக்காக இல்லாமல், அப்பா எப்போது சிரிப்பார் என்று காத்திருக்க ஆரம்பித்தது. நடுவில் ஒரு இடத்தில் நான் தண்ணீர்ப் போத்தலைத் திறந்து குடித்துக்கொண்டிருந்தேன், ஒன்றுமே சொல்லவில்லை. அப்பா கண்ணில் நீர் வரச் சிரித்தார்.

வீட்டுக்குப் போகும் வழியில் திரீவீலில் அம்மாவிடம் கேட்டேன், அந்த இடத்தில் அப்பாவிடம் என்ன சொன்னீர்கள் என்று.

"நீ சொன்னதத்தான்டா சொன்னேன்," என்றார். "கொஞ்சம் திருத்தி."